என் புடவைகள் நடித்த கல்யாணங்கள்

மாசி மாதத்து முதல் வெள்ளிக்கிழமை. வழக்கம்போல் இருட்டு பிரிவதற்குள் எழுந்தேன். வாசல் தெளித்துக் கோலம் போட்டேன். பால்காரர் ஏழுமலை வந்தார். பாலைக் காய்ச்சி இறக்கிவிட்டு, பீரோவைத் திறந்து பட்டுப் புடவைகளில் மூன்றை எடுத்து உதறி, மடிப்பு மாற்றி மடித்து, திரும்ப அடுக்கினேன். ஒரே மடிப்பில் கிடந்தால் அந்தக் கோட்டில் ஜரிகை இற்றுப் போகும். வெள்ளிக்கிழமைதோறும் எனக்கு இந்த வேலை உண்டு.

இதைப் பக்தி என்று நினைப்பவர்கள் இருக்கிறார்கள். பக்தி இல்லை, பிழைப்பு. பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் என் கணவர் தனசேகர் மிக்ஸி, கிரைண்டர் பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறார். அவர் கடையில் ஸ்க்ரூ டிரைவர்கள் அளவு வாரியாகத் தொங்கும். என் பீரோவில் புடவைகள் நிற வாரியாக இருக்கும். இரண்டும் தொழில் கருவிகள்தாம்.

என் தொழில் என்னவென்று இந்தப் பத்திரிகைத் தொடரைப் படிப்பவர்களுக்குத் தெரியும். இன்றுதான் முதல் முறையாகப் படிப்பவர்களுக்குச் சொல்கிறேன். தொலைக்காட்சித் தொடர்களில் கல்யாணம், வளைகாப்பு, நிச்சயதார்த்தம், பஞ்சாயத்து ஆகியவை நடக்கும்போது, பேசுகிறவர்களுக்குப் பின்னால் பட்டுப் புடவையோடு ஒரு பெண் நின்று திடுக்கிடுவாள் அல்லவா? அது நான்.

அந்த வெள்ளிக்கிழமை சாயங்காலம் மட்டும் விஷயம் வேறு. இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக நான் பேசப் போகிறேன். இரண்டு வரி. எடுத்து ஒரு வாரத்துக்கு மேல் ஆகிவிட்டது. அன்று ஒளிபரப்பு. ஆனால் எடுத்ததெல்லாம் வரும் என்று இந்தத் தொழிலில் யாரும் சத்தியம் செய்ய முடியாது. எடிட்டிங் அறையில் நான் எத்தனையோ கல்யாணங்களில் காணாமல் போயிருக்கிறேன். அதனால் அந்த இரண்டு வரியைப் பற்றி, எதிர்வீட்டைத் தவிர, தெருவில் ஒருவரிடமும் மூச்சு விடவில்லை.

காலையில் பால் ஊற்றும்போது ஏழுமலை கேட்டார்.

"இன்னைக்கு எந்தப் பொடவைமா வருது?"

"அதே மாம்பழக் கலர்தான்."

"இன்னும் அந்தக் கல்யாணம் முடியலையா? பொங்கலுக்கு முன்னாடி மேளம் அடிக்க ஆரம்பிச்சவன், இன்னும் அடிச்சிக்கினே கீறான். தாலி கட்றதுக்குள்ள மாப்பிள்ளைக்கு நரச்சிடும்போல."

"இன்னைக்கு மறக்காமப் பாருங்க."

"பாக்காம? எங்க வீட்ல அதப் போடலன்னா எனக்குச் சோறு கெடையாது."

ஊர் பார்க்கிற விதம்

எங்கள் ஊரில் என்னை எல்லோருக்கும் தெரியும். ஆனால் முகத்தை வைத்து இல்லை.

மற்ற ஊர்களில் நடிகர்களைப் பார்த்தால் 'நேற்று நன்றாக நடித்தீர்கள்' என்பார்களாம். காஞ்சிபுரத்தில் என்னை நிறுத்தி, "நேத்து கட்டினு வந்தியே, அந்த அரக்கு, அது கோர்வை போட்டதா?" என்பார்கள். கரையைத் தனி நிறத்தில் நெய்து உடலோடு கோப்பதுதான் கோர்வை. ஒருமுறை டவுன் பஸ்ஸில் ஒரு பெரியவர் என்னை உற்றுப் பார்த்துக்கொண்டே வந்தார். அடையாளம் கண்டுவிட்டார் என்று கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தேன். இறங்கும்போது அவர் சொன்னார்: "முந்தி பக்கம் நூல் ஒண்ணு பிரிஞ்சிக்கினு இருக்குது, பாத்துக்கோம்மா."

ஒரு தொடரில் என் கதாபாத்திரம் இறந்துபோனது. அப்போது என் கணவருக்கு அப்பெண்டிக்ஸ் ஆபரேஷன்; படப்பிடிப்புக்குப் போக முடியவில்லை. வராதவர்களைக் கொன்றுவிடுவது அங்கே வழக்கம். என் படத்துக்குச் சந்தன மாலை போட்டு ஹாலில் மாட்டிவிட்டார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மனிதர் கஞ்சிக் கிண்ணத்தோடு டிவி முன்னால் உட்கார்ந்தவர், அதைப் பார்த்துவிட்டு எழுந்துபோய் ஒயரையே பிடுங்கிவிட்டார். வாலாஜாபாத்திலிருந்து என் சின்ன மாமியார் போன் செய்தார். என்னைப் பற்றித்தான் விசாரிக்கிறார் என்று நினைத்தேன். "போட்டோவுல கட்டினு இருக்கியே, அந்தப் பச்சை எப்ப எடுத்த? எங்கிட்ட சொல்லவே இல்லியே" என்றார்.

இதில் வருத்தப்பட எனக்கு உரிமையும் இல்லை. நான் நடிகையானதே புடவையால்தான்.

பல வருஷங்களுக்கு முன் ஒரு தொடரின் கல்யாணக் காட்சியை எங்கள் ஊர்ச் சத்திரத்தில் எடுத்தார்கள். சொந்தப் பட்டுப் புடவை இருக்கிற பெண்கள் வரலாம் என்றார்கள். காஞ்சிபுரத்தில் இப்படிச் சொன்னால் என்ன ஆகும்? பாதித் தெரு போய் நின்றது. மறுநாளும் வரச் சொன்னார்கள். மறுநாள் எல்லோரும் வேறு புடவையில் போனார்கள். டிவியில் வருகிறோம், நேற்றுக் கட்டியதையே கட்டுவதா என்ற ரோஷம். நான் ஒருத்திதான் முதல் நாள் கட்டிய அதே புடவை, அதே இடது பக்கம் வைத்த கனகாம்பரம், அதே வளையல் என்று போனேன். கதையில் அது ஒரே கல்யாணம் அல்லவா? உதவி இயக்குநர் என் கையைப் பிடித்துக்கொள்ளாத குறை. அன்று பிடித்த தொழில்தான்.

ஒரே நாள் என்று சொன்ன கல்யாணம்

என்னைப் போன்றவர்களுக்குத் தொடர்களில் உடை தர மாட்டார்கள். நாமே கொண்டுபோக வேண்டும். எந்த நிறம் என்பதை மட்டும் அவர்கள் சொல்வார்கள். கதாநாயகிக்குச் சிவப்பு. மாமியாருக்கு மயில் கழுத்து. கெட்ட சித்திக்குக் கறுப்புக்குப் பக்கத்தில் ஏதாவது. மிச்சம் இருப்பது பெரிய அத்தைக்கு. பெரிய அத்தை நான்.

மார்கழியில் உதவி இயக்குநர் பிரபு போன் செய்து, "அம்மா, மாம்பழக் கலர் வேணும். ஒரே நாள் ஷூட்" என்றார். என்னிடம் மாம்பழ நிறம் ஒன்று இருந்தது. ஆனால் அதே தொடரில் ஒரு வளைகாப்புக்கு வந்துவிட்டது. நான் யோசித்துக்கொண்டு நின்றதை எதிர்வீட்டு ஸ்டெல்லா அக்கா பார்த்துவிட்டார்.

ஸ்டெல்லா அக்கா நர்ஸ். அவருடைய மகள் ஜெனிக்குத் தை கடைசியில் கல்யாணம். ஜெனி தன் சம்பளத்தில் அம்மாவுக்கென்று ஓரிக்கையில் ஒரு வீட்டுத் தறியில் சொல்லி ஒரு புடவை நெய்ய வைத்திருந்தாள். மாம்பழ மஞ்சள், அரக்குக் கரை, உடல் முழுக்க மாங்காய் புட்டா. புட்டா என்றால் புடவை உடலில் சிதறலாக வருகிற சின்னச் சின்ன ஜரிகைப் பூ. சர்ச்சில் அக்கா அதைத்தான் கட்டுவதாக இருந்தார்.

"ஒரு நாள்தானே, கட்டிக்கினு போ. கல்யாணத்துக்கு வர்றவங்க முன்னாடியே டிவில பாத்துக்கட்டும்" என்றார்.

ஒரு நாள் என்று பிரபு சொன்னதை நம்புவதற்கு ஸ்டெல்லா அக்காவுக்கு நியாயம் இருந்தது. எனக்கு இல்லை. தொடர்க் கல்யாணத்தில் மாப்பிள்ளை காரிலிருந்து இறங்கவே ஒரு நாள் ஆகும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் வாங்கிக்கொண்டு போனேன்.

போனேன், வந்தேன், போனேன். மணப்பெண் மயங்கி விழுந்தாள். தாலி காணாமல் போய், பாயசத்தில் கிடைத்தது. போலீஸ் வந்தது, தவறான மண்டபம் என்று திரும்பிப் போனது. ஒவ்வொரு முறையும் நான் அதே புடவையில் நின்று திடுக்கிட்டேன். கதாநாயகிக்குக் காய்ச்சல் வந்ததில் பொங்கலும் போனது. மண்டபத்தில் பிளாஸ்டிக் சாமந்தியும் ஜெனரேட்டர் டீசலும் கலந்து ஒரு வாசனை அடிக்கும். திரும்பி வந்ததும் புடவையை நிழலில் காயவிட்டு, அக்காவிடம் கொடுத்துவிடுவேன்.

தை கடைசி வாரம் திங்கட்கிழமை பிரபு கூப்பிட்டார்.

"அம்மா, வியாழக்கிழமை வந்துடுங்க. உங்களுக்கு டயலாக் இருக்கு."

"எனக்கா?"

"உங்களுக்குத்தான். ரெண்டு வரி. அந்த ரெண்டு வரியிலதான் கல்யாணமே நிக்குது. காலையிலயே எடுத்துடுவோம். பொடவை மறந்துடாதீங்க."

வியாழக்கிழமை ஜெனியின் கல்யாணம்.

"தம்பி, அன்னைக்கு அந்தப் புடவை கிடைக்காதே" என்றேன்.

"என்னம்மா நீங்க, நீங்களே இப்படிச் சொன்னா? பொடவை மாறினா முன்னாடி எடுத்ததோட ஒட்டாதும்மா. அப்ப அந்த டயலாக்கை சித்தி கேரக்டருக்குக் குடுத்துடுவாங்க. பாத்துக்கங்க."

எதிர்வீட்டுக் கேட்

அக்காவிடம் நான் வாயைத் திறக்கவில்லை; என் முகத்தில் ஏதோ இருந்திருக்க வேண்டும். செவ்வாய்க்கிழமை ஸ்டெல்லா அக்கா எங்கள் கேட்டில் வந்து நின்றார். கையில் துணிப்பை. பையில் புடவை.

"இந்தா. நீயே கட்டிக்கினு போ."

"யாருக்கா சொன்னது?"

"உன் வூட்டுக்காரர்தான். கல்யாண வூட்டு மிக்ஸிய சரி பண்ண வந்தவரு, ஜாருக்கு பிளேடு போட்டுக்கினே எல்லாத்தையும் சொல்லிட்டாரு."

"வேணாங்கா. ஜெனி உங்களுக்குன்னு சொல்லி நெய்ய வச்சது."

"எனக்கு ஊதா ஒண்ணு இருக்குது."

"அது உங்க தம்பி கல்யாணத்துக்கு எடுத்தது."

"அதனால இன்னா? சர்ச்சுல ஃபாதர் நிறுத்தி, இது பழைய பொடவைதானேன்னு கேப்பாரா? இத்தினி வருசமா அடுத்தவங்க முதுகுக்குப் பின்னாடியே நின்னுக்கினு இருந்த. இப்பத்தான் வாயத் தெறன்னு சொல்லிருக்கான். பேசிட்டு வாயேன்டி."

வாங்கிவிடலாம் என்று ஒரு நொடி தோன்றியது. அதை மறைக்கவில்லை. ஆனால் மகள் எடுத்துக் கொடுத்ததை நான் கட்டிக்கொண்டு பூந்தமல்லிக்கு அப்பால் ஒரு பொய்க் கல்யாணத்தில் நிற்க, பெற்றவள் நிஜக் கல்யாணத்தில் ஊதாவில் நிற்பதா? பையை அவர் கையிலேயே திணித்தேன்.

"அப்ப அந்த டயலாக்கு?"

"சித்தி பேசிட்டுப் போறாங்க."

"அந்த உருட்டுக் கண்ணுக்காரியா? அவ பேசினா கல்யாணம் நிக்காது. எல்லாரும் ஓடிடுவாங்க."

ஓரிக்கையில் ஒரு தங்கை

புதன்கிழமை காலையில் கணவர் கடையைத் திறக்காமல் ஸ்கூட்டரை எடுத்தார். அதே மாதிரி ஒன்றைத் தேடி, காந்தி ரோட்டில் கடை கடையாக ஏறினோம். ஊரே பட்டு, தேடின ஒன்று மட்டும் இல்லை. மஞ்சள் இருந்தால் கரை பச்சை. கரை அரக்கு என்றால் உடல் எலுமிச்சை. ஒரு கடைப் பையன் சலிக்காமல் விரித்துப்போட்டு, "கல்யாணம் யாருக்கும்மா?" என்றான். என் கணவர், "டிவில வர்ற மாப்பிள்ளை ராகவனுக்கு" என்றார். அவன் அதற்கப்புறம் விரிப்பதை நிறுத்திவிட்டான்.

கடைசியில் ஓரிக்கைக்கே போனோம், அந்தப் புடவையை நெய்த முருகேசன் வீட்டுக்கு. தறியில் ஒரு தடவை ஏற்றுகிற பாவு நூலில் மூன்று புடவை இறங்கும் என்பது எனக்குத் தெரியும். உடலும் கரையும் ஒரே நிறத்தில் வரும். அப்படியானால் அதற்கு இரண்டு தங்கைகள் எங்கோ இருக்க வேண்டும்.

"ஒண்ணு விஜயவாடா போயிட்ச்சு" என்றார் முருகேசன், தறியிலிருந்து எழாமலே. "இன்னொண்ணு எங்க வூட்லயே இருக்குது. இவ எனக்குத்தான் வேணும்னுட்டா. ஆனா அதுல மாங்கா இல்ல. ருத்ராட்சம் போடுன்னா, போட்டேன்."

அவர் மனைவி உள்ளேயிருந்து புடவையோடு வந்தார். அதே மஞ்சள், அதே அரக்கு. ஆனால் புட்டா மாங்காய் இல்லை. உருண்டை உருண்டையாக ருத்ராட்சம்.

"டிவிலயா வரும்?" என்றார்.

"வரலாம். நிச்சயமில்லை."

"வந்தா எம் பேரு போடுவானா?"

"எம் பேரே போட மாட்டாங்கம்மா."

அந்த அம்மா சிரித்துவிட்டார். "சரி, எடுத்துக்கினு போ. சாம்பார் மட்டும் கொட்டிடாத."

திரும்பி வரும்போது கணவர் சொன்னார்: "பட்டணத்துல மாங்காய்க்கும் ருத்ராட்சத்துக்கும் எவனுக்கு வித்தியாசம் தெரியப் போவுது? பேசாம கட்டிக்கினு நில்லு."

நான் பேசாமல் நிற்கவில்லை

வியாழக்கிழமை விடியற்காலையில் எதிர்வீட்டுப் பந்தலைக் கடந்து போனபோது ஸ்டெல்லா அக்கா தலையில் எண்ணெயோடு எட்டிப் பார்த்து, "போய் நிறுத்திட்டு வா" என்று கத்தினார். கல்யாண வீட்டு வாசலில் நின்று சொல்லக்கூடிய வார்த்தை அது இல்லை. சமையல்காரர் கரண்டியோடு திரும்பிப் பார்த்தார்.

மண்டப செட்டில் விளக்குகள் எரிந்தன. பிரபு என்னை மேலும் கீழும் பார்த்து, "சூப்பர்மா, அதே பொடவை" என்றார். இயக்குநரும் பார்த்தார். அவருக்கும் அதே புடவைதான். நிற்க வேண்டிய இடத்தில் நிறுத்தினார்கள். கேமராவைத் தள்ளி வைத்து, தலையிலிருந்து முழங்கால் வரை தெரிகிற மாதிரி ஃபிரேம் வைத்தார்கள்.

என்னால் முடியவில்லை.

"தம்பி, இது அந்தப் புடவை இல்லை."

"விளையாடாதீங்கம்மா."

"அதுல மாங்காய். இதுல ருத்ராட்சம்."

பிரபு குனிந்து பார்த்தார். "இதையெல்லாம் யாரும்மா பாப்பாங்க?"

"எங்க ஊர் பார்க்கும்."

"ஒரு ஊர்தானே?"

"தம்பி, நான் ரெண்டு வரி பேசும்போது எங்க ஊர்ல ஒருத்தரும் அதைக் கேக்க மாட்டாங்க. எல்லாரும் மாங்காய் எப்படி ருத்ராட்சம் ஆச்சுன்னு பேசிக்கிட்டு இருப்பாங்க."

இயக்குநர் அதைக் கேட்டுவிட்டார். அன்றைக்கு அவர் முடிக்க வேண்டிய காட்சிகள் மலை மாதிரி இருந்தன. மாற்றுவதற்கு வேறு புடவை இல்லை. சித்தி நடிகையோ இன்னும் ஒப்பனை அறையில் இருந்தார். இயக்குநர் என்னை ஒரு நிமிஷம் பார்த்தார். புடவையை இல்லை. இத்தனை வருஷத்தில் ஓர் இயக்குநர் என் புடவையைத் தாண்டி மேலே பார்த்தது அப்போதுதான்.

"புட்டா எல்லாம் தெரிய வேணாம். முகம் மட்டும் போங்க. நெத்தியிலேர்ந்து தாடை வரைக்கும்" என்றார் எரிச்சலோடு.

கேமரா பக்கத்தில் வந்தது. மிகவும் பக்கத்தில். அந்தக் கண்ணாடியில் என் மூக்குத்தி தெரிந்தது. விளக்குச் சூட்டில் பவுடர் வாசனை அடித்தது. யாருடைய தோளும் எனக்கு முன்னால் இல்லை. அந்த இரண்டு வரியைச் சொன்னேன். ஒரே தடவை.

சாயங்காலம் ஜெனியின் வரவேற்புக்கு வந்து சேர்ந்துவிட்டேன். ஸ்டெல்லா அக்கா மேடையில் மாங்காய் புட்டாவோடு ஜொலித்தார். வரிசையில் வந்த பெண்கள் மணமக்களை விட்டுவிட்டு அவர் முந்தானையைத் தொட்டுப் பார்த்தார்கள். "இது அந்த சீரியல்ல வர்ற பொடவைதானே?" என்று கேட்டவர்களிடம் எல்லாம், "சீரியல்ல வர்றது இந்தப் பொடவை" என்று அக்கா திருத்திக்கொண்டிருந்தார்.

திரும்பவும் அந்த வெள்ளிக்கிழமை

விளக்கேற்றிவிட்டு டிவி முன்னால் உட்கார்ந்தோம். நான், கணவர், ஸ்டெல்லா அக்கா. அக்கா கையில் பொட்டுக்கடலைத் தட்டு.

ராகவன் தாலியைக் கையில் எடுத்தான். விளம்பரம். திரும்பவும் எடுத்தான். மணப்பெண் கண்ணீர். மாமியார் முகம். சித்தி முகம். மேளக்காரர் முகம். என் முகம் இல்லை. இன்னொரு விளம்பரம். அவ்வளவுதான், போயிற்று என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். கணவர் ரிமோட்டைத் தொடைக்கு அடியில் ஒளித்து வைத்துக்கொண்டார், யாரோ பிடுங்கிவிடுவார்கள்போல.

அப்புறம் நான் வந்தேன். இந்தக் காது தொடங்கி அந்தக் காது வரை திரை முழுக்க நான். இடி இடித்தது. திரும்ப, இடம் வலமாகத் திருப்பிப் போட்டு அதே நான். திரும்ப இடி. மூன்றாவது முறை புருவத்தை உயர்த்தினேன். அது எனக்கே தெரியாமல் நடந்திருக்கிறது.

"தாலியக் கீழ வைடா, ராகவா. அவ உன் தங்கச்சி."

முடிந்தது. பெயர்கள் ஓட ஆரம்பித்தன. வழக்கம்போல் என் பெயர் இல்லை.

பிறகு ஸ்டெல்லா அக்கா கடலையை விழுங்கினார்.

"ஏன்டி, பொடவைய காட்டவே இல்ல?"

"நல்லவேளை காட்டலைக்கா. அதுல ருத்ராட்சம்."

"அதுவும் சரி." தட்டைக் கீழே வைத்துவிட்டு, "உனக்கு இங்க ஒரு மச்சம் இருக்குதா? எதிர்ல குடியிருந்துக்கினு இத்தினி வருசமா நான் பாக்கலையே" என்றார். எட்டி என் தாடையைத் தொட்டார்.

கணவர் டிவியை அணைத்துவிட்டு எழுந்தார். "சவுண்டு நல்லா இருந்துச்சு" என்றார். மனிதர் அதற்கு மேல் சொல்ல மாட்டார். ஆனால் தோசை ஊற்ற நான் எழுந்தபோது, அவர் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். கண்ணைத் துடைத்துக்கொள்ள அது ஒரு வசதி.

தெருவிலிருந்து ஒருவரும் வந்து எதுவும் சொல்லவில்லை. போனும் வரவில்லை. வாலாஜாபாத்துகூடச் சும்மா இருந்தது.

மறுநாள் சனிக்கிழமை. வாசலில் தண்ணீரைக்கூட இன்னும் தெளிக்கவில்லை. நைட்டியோடு சொம்பை எடுத்துக்கொண்டு கேட்டுக்கு வந்தேன். ஏழுமலை சைக்கிளை நிறுத்தினார். முகத்தில் வருத்தம்.

"நேத்து உன்ன காணோமேமா. நாங்க எல்லாரும் பொடவைய தேடிக்கினே இருந்தோம். வரவே இல்ல. யாரோ புதுசா ஒரு பொம்பள, மூஞ்சி மட்டும் இவ்ளோ பெருசா வந்தா. ஒரு வார்த்தை சொன்னா பாரு, எங்க அம்மா வெத்தலைய முழுங்கிட்ச்சு. யாருமா அது? உனக்குத் தெரிஞ்சவளா?"

நான் சொம்பை கேட் தூண்மேல் வைத்தேன். நைட்டிமேல் போட்டிருந்த துண்டைச் சரி செய்துகொண்டேன். அவர் முகத்துக்கு நேராக, பக்கத்தில் வந்து நின்று, புருவத்தை உயர்த்தினேன்.

"தாலியக் கீழ வைடா, ராகவா. அவ உன் தங்கச்சி."

ஏழுமலை என் முகத்தையே பார்த்தார். பார்த்தபடியே, கையில் இருந்த பால் கேனை மெதுவாகக் கீழே வைத்துவிட்டார்.

அன்று காலையில் நான் செய்த முதல் வேலை அதுதான். பாலை அதற்கப்புறம் வாங்கினேன்.